சட்ட நூல்களை வாசிப்பது எப்படி? அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

பொது நூலகம் ஒன்றில் சட்ட நூல் அலமாரியைக் கவனித்துக்கொள்ளும் பொறுப்பில் இருக்கிறேன். காவலர் தேர்வுக்குப் படிக்கும் இளைஞர்களும், நிலத் தகராறில் நோட்டீஸ் வந்து கலங்கி நிற்பவர்களும், குற்றக் கதை எழுத விரும்புபவர்களும் அந்த அலமாரியின் முன் நின்று ஏறக்குறைய ஒரே ஐயங்களைத்தான் எழுப்புகிறார்கள். அவற்றை அவர்கள் கேட்ட சொற்களிலேயே தொகுத்து, எளியவற்றை முன்னும் சிக்கலானவற்றைப் பின்னுமாக வைத்திருக்கிறேன். ஒரு பிரிவை அதன் இடத்திலிருந்து பிய்த்தெடுத்துத் தனியாக வாசிப்பதுதான் பெரும்பாலான குழப்பங்களுக்குக் காரணம் என்பது என் உறுதியான கருத்து. கீழே உள்ள பதில்களில் அது திரும்பத் திரும்பத் தலைகாட்டும்.

சட்டம்னா ஒண்ணுமே தெரியாது. எந்தப் புத்தகத்துல ஆரம்பிக்கறது?

அரசமைப்புச் சட்டத்தில் தொடங்கும்படி பலரும் சொல்வார்கள். 1950 ஜனவரி 26 அன்று முழுமையாக நடைமுறைக்கு வந்தபோதே அதில் 395 உறுப்புகள் இருந்தன. புதிய வாசகர் அவற்றை முதலிலிருந்து வரிசையாகப் படிக்கத் தொடங்கினால் பாதி வழியில் சோர்ந்துவிடுவார். எனவே அதில் அடிப்படை உரிமைகளைக் கூறும் மூன்றாம் பகுதியை, அதாவது 12 முதல் 35 வரையிலான உறுப்புகளை மட்டும் நிதானமாகப் படித்துவிட்டுத் தண்டனைச் சட்டத்துக்குச் செல்லுமாறு பரிந்துரைக்கிறேன்.

தண்டனைச் சட்டத்தை நான் முன்வைப்பதற்குக் காரணம் உண்டு. 1860-இல் இயற்றப்பட்டு 1862 முதல் நடைமுறையில் இருந்த இந்திய தண்டனைச் சட்டம் ஆனாலும், அதன் இடத்துக்கு வந்துள்ள பாரதிய நியாய சன்ஹிதா ஆனாலும், பல பிரிவுகளின் அடியில் எடுத்துக்காட்டுகளைத் தருகின்றன. 'ஏ' என்பவர் இன்னதைச் செய்கிறார், 'இசட்' என்பவருக்கு இன்னது நேர்கிறது, ஆகவே இது குற்றம் அல்லது குற்றமன்று என்று ஓரிரு வரிகளில் முடிந்துவிடும் அவை, சட்டம் எப்படிச் சிந்திக்கிறது என்பதைப் பழக்கித் தருவதில் எந்த முன்னுரையையும்விடப் பயனுள்ளவை.

பேர் ஆக்ட் வாங்கணுமா, கமெண்டரி வாங்கணுமா? ஒண்ணு நூறு ரூபாய்க்குக் கிடைக்குது, இன்னொண்ணு ஆயிரக்கணக்குல இருக்கே?

பேர் ஆக்ட் என்பது சட்டத்தின் வாசகத்தை மட்டும் தரும் சிறு நூல். கமெண்டரி என்பது ஒவ்வொரு பிரிவுக்கும் கீழே அதைப் பற்றி நீதிமன்றங்கள் கூறியவற்றையும் உரையாசிரியரின் விளக்கத்தையும் சேர்த்துத் தருவது. முதலில் பேர் ஆக்ட் போதும். வாசகத்தை ஒரு முறையாவது சொந்தமாகப் படித்துப் பொருள்கொள்ள முயலாமல் நேரே உரைக்குச் செல்பவர், உரையாசிரியரின் கருத்தையே சட்டம் என்று எண்ணிக்கொள்ளும் ஆபத்து இருக்கிறது.

ஒரே சட்டத்தைப் பல பதிப்பகங்கள் வெளியிட முடிவதற்குக் காரணம், 1957-ஆம் ஆண்டின் பதிப்புரிமைச் சட்டம், 52-ஆம் பிரிவில் அதற்கு இடமளித்திருப்பதுதான்: சட்டமன்றம் இயற்றிய சட்டத்தை, ஏதேனும் ஒரு விளக்கத்தோடோ வேறு சொந்தப் படைப்போடோ சேர்த்து வெளியிடுவது பதிப்புரிமை மீறலாகாது. ஆகவே வாங்கும்போது பதிப்பகத்தின் பெயரைவிடப் பதிப்பு ஆண்டையே பாருங்கள். மத்திய, மாநிலச் சட்டங்களின் வாசகத்தை அரசின் 'இந்தியா கோட்' இணையதளத்திலும் கட்டணமின்றிப் படிக்கலாம்.

சட்டம், விதி, அரசாணை எல்லாம் ஒண்ணுதானே? ஏன் தனித்தனிப் புத்தகம்?

ஒன்றல்ல. சட்டத்தை நாடாளுமன்றமோ மாநிலச் சட்டமன்றமோ இயற்றுகிறது. அந்தச் சட்டம் ஒப்படைத்த அதிகாரத்தைக் கொண்டு அரசு வகுப்பவை விதிகள். நடைமுறைக்கான கட்டளைகளாக நிர்வாகம் பிறப்பிப்பவை அரசாணைகளும் அறிவிக்கைகளும். கீழே இருப்பது மேலே இருப்பதை மீற முடியாது. தாய்ச் சட்டம் தராத அதிகாரத்தை ஒரு விதி எடுத்துக்கொண்டால் அந்த விதி செல்லாது என்று நீதிமன்றம் அறிவிக்கலாம். விதியை மீறுவது குடிமக்கள் மட்டுமே செய்யக்கூடியது என்று எண்ணுபவர்கள் இந்த இடத்தைக் கவனிக்க வேண்டும்: விதியை வகுத்தவரும் சட்டத்தை மீறக்கூடும்.

தலைக்கவசத்தை எடுத்துக்கொள்வோம். அணிய வேண்டும் என்பது 1988-ஆம் ஆண்டின் மோட்டார் வாகனச் சட்டத்தின் 129-ஆம் பிரிவில் இருக்கிறது. தலைப்பாகை அணிந்த சீக்கியருக்கு விலக்கு என்பதும் அங்கேயே இருக்கிறது. அணியாவிட்டால் 1,000 ரூபாய் அபராதம், மூன்று மாதங்களுக்கு ஓட்டுநர் உரிமத்துக்குத் தகுதியிழப்பு என்பது 2019-ஆம் ஆண்டுத் திருத்தத்தில் வந்த 194டி பிரிவில் இருக்கிறது. நீதிமன்றம் செல்லாமல் சாலையிலேயே கட்டி முடிக்கும் தொகையை மாநில அரசு 200-ஆம் பிரிவின்கீழ் அறிவிக்கை வாயிலாக நிர்ணயிக்கிறது. ஆக, ஓர் அபராதச் சீட்டைப் புரிந்துகொள்ளவே நான்கு இடங்களைப் பார்க்க வேண்டியிருக்கிறது.

ஒரு பிரிவே ஒரு பக்கத்துக்கு ஒரே வாக்கியமா ஓடுதே! அதை எப்படித்தான் படிக்கறது?

பென்சிலோடு படிக்க வேண்டும். யார், எதை, எந்த எண்ணத்தோடு, எந்தச் சூழலில் செய்தால் என்று வாக்கியத்தை உடைத்து எழுதிக்கொள்ளுங்கள். 'அல்லது' வரும் இடங்களையும் 'மற்றும்' வரும் இடங்களையும் வட்டமிடுங்கள்; முன்னதில் ஒன்று இருந்தால் போதும், பின்னதில் அனைத்தும் இருந்தாக வேண்டும். பிறகு 'வரம்புரை' (பிரிவு சொன்னதற்கு வரம்பு கட்டும் வாசகம்), 'விதிவிலக்கு', 'விளக்கம்', 'எடுத்துக்காட்டு' என்ற தலைப்புகளில் கீழே இருப்பவற்றை விடாமல் படியுங்கள். பிரிவின் முதல் வரி கொடுத்ததை வரம்புரை திரும்ப எடுத்துக்கொள்வது உண்டு.

திருட்டைப் பற்றிய பிரிவில் இதைப் பழகலாம். பாரதிய நியாய சன்ஹிதாவின் 303(1) பிரிவின்படி, நேர்மையற்ற எண்ணம் வேண்டும். பொருள் அசையும் பொருளாக இருக்க வேண்டும். அது இன்னொருவரின் வசம் இருக்க வேண்டும். அவருடைய சம்மதம் இருக்கக்கூடாது. எடுத்துச் செல்வதற்காகப் பொருளை நகர்த்தியிருக்க வேண்டும். ஐந்தும் சேர்ந்தால்தான் திருட்டு. மண்ணில் நிற்கும் மரம் அசையாப் பொருள். எடுத்துச் செல்லும் எண்ணத்தோடு வெட்டிய நொடியிலேயே அது திருட்டுக்குரிய பொருளாகிவிடுகிறது. நாய்க்குப் பிடித்த தீனியைச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு பிறருடைய நாயைத் தன் பின்னால் வரச்செய்தால், நாய் பின்தொடரத் தொடங்கியதுமே திருட்டு நிறைவேறிவிடுகிறது. யாருடைய வசத்திலும் இல்லாமல் நடுவழியில் கிடந்த மோதிரத்தை எடுத்துக்கொள்வது திருட்டு ஆகாது, ஆனால் கையாடல் என்ற வேறு குற்றமாகலாம். அடகு வைத்த சொந்தக் கடிகாரத்தைக் கடனைத் தீர்க்காமல், அடகு பிடித்தவரின் சம்மதமின்றி, நேர்மையற்ற எண்ணத்தோடு எடுத்து வந்தால் அதுவும் திருட்டுத்தான். இவை யாவும் அந்தப் பிரிவின் அடியிலேயே அச்சாகியிருக்கும் எடுத்துக்காட்டுகள். 'உரிமை' என்ற சொல்லைவிட 'வசம்' என்ற சொல்லே இங்கே கனமானது என்பதை அவை எவ்வளவு அழகாகக் காட்டுகின்றன என்று படிக்கும்போதெல்லாம் வியக்கிறேன்.

அடுத்த உட்பிரிவின் வரம்புரையையும் பாருங்கள். திருடிய பொருளின் மதிப்பு 5,000 ரூபாய்க்குக் குறைவாக இருந்து, முதல் முறையாகத் தண்டிக்கப்படுபவர் பொருளையோ அதன் மதிப்பையோ திரும்பக் கொடுத்தால், தண்டனை சமூக சேவை. வரம்புரையைப் படிக்காதவர் திருட்டுக்கு எப்போதுமே சிறைதான் என்று சொல்லிக்கொண்டிருப்பார்.

302, 420 எல்லாம் இனிமே இல்லையாமே? அப்போ பழைய புத்தகத்தை எடைக்குப் போட்டுடலாமா?

போடாதீர்கள். 2024 ஜூலை 1 முதல் மூன்று புதிய சட்டங்கள் நடைமுறைக்கு வந்திருக்கின்றன. 511 பிரிவுகள் கொண்ட இந்திய தண்டனைச் சட்டத்தின் இடத்தில் 358 பிரிவுகள் கொண்ட பாரதிய நியாய சன்ஹிதாவும், 1973-ஆம் ஆண்டின் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் இடத்தில் 531 பிரிவுகள் கொண்ட பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவும், 1872-ஆம் ஆண்டின் சாட்சியச் சட்டத்தின் இடத்தில் 170 பிரிவுகள் கொண்ட பாரதிய சாக்ஷிய அதினியமும் வந்தன. கொலைக்கான தண்டனை 302-லிருந்து 103-க்கும், ஏமாற்றுதல் 420-லிருந்து 318-க்கும் சென்றுவிட்டன. ஊரடங்கோடு சேர்த்துப் பேசப்படும் 144 இப்போது நடைமுறைச் சட்டத்தின் 163. முதல் தகவல் அறிக்கைக்கான 154 இப்போது 173.

பழைய நூல் தேவைப்படுவதற்குக் காரணம் அரசமைப்புச் சட்டத்தின் 20(1) உறுப்பு. ஒரு செயல் நடந்த நாளில் எந்தச் சட்டம் நடைமுறையில் இருந்ததோ அதன்படியே அதைக் குற்றமாகக் கொள்ள முடியும். அந்த நாளில் இருந்ததைவிடக் கூடுதலான தண்டனையும் தர முடியாது. எனவே 2024 ஜூன் மாதத்தில் நடந்த ஒரு குற்றம் எத்தனை ஆண்டுகள் கழித்து விசாரணைக்கு வந்தாலும் பழைய தண்டனைச் சட்டத்தின்படியே தீர்மானிக்கப்படும். புதிய சன்ஹிதாவின் கடைசிப் பிரிவான 358-உம் பழைய சட்டத்தின்கீழ் எழுந்த பொறுப்புகளைக் காப்பாற்றி வைக்கிறது. தவிர, நூற்றைம்பது ஆண்டுகளுக்கு மேலான தீர்ப்புகள் யாவும் பழைய எண்களில்தான் இருக்கின்றன. இரண்டு எண்களையும் அருகருகே காட்டும் ஒப்பீட்டு அட்டவணை உள்ள பதிப்பாகப் பார்த்து வாங்குவது நல்லது.

தமிழ்ல இருக்கற சட்டப் புத்தகத்தை நம்பலாமா?

புரிந்துகொள்வதற்குத் தாராளமாக நம்பலாம். ஆனால் நாடாளுமன்றச் சட்டங்களின் அதிகாரபூர்வ வாசகம் ஆங்கிலத்தில் இருக்க வேண்டும் என்று அரசமைப்பின் 348-ஆம் உறுப்பு கூறுவதால், பொருளில் ஐயம் எழும்போது ஆங்கில வாசகத்தோடு ஒப்பிட்டுப் பார்க்க வேண்டும். தமிழில் பொருள் பிடிபட்ட பிறகு ஆங்கில வாசகத்தைப் படித்தால் இரண்டுமே தெளிவாகும் என்பதை மாணவர்களிடம் பல முறை பார்த்திருக்கிறேன்.

'எனக்கு அப்படி ஒரு சட்டம் இருக்கறதே தெரியாது'ன்னு சொன்னா விட்டுடுவாங்களா?

விடமாட்டார்கள். பாரதிய நியாய சன்ஹிதாவின் 14, 17 ஆகிய பிரிவுகள், நடந்தது என்ன என்பதைப் பற்றி நல்லெண்ணத்தில் ஏற்பட்ட தவறான நம்பிக்கையை ஏற்றுக்கொள்கின்றன. சட்டம் என்ன என்பதைப் பற்றிய தவறான நம்பிக்கையை ஏற்பதில்லை. ஆனால் இந்தக் கண்டிப்புக்கு மறுபக்கமாக அரசுக்கும் ஒரு கடமை இருக்கிறது. மக்களுக்குத் தெரியும்படி வெளியிடப்படாத சட்டம் சட்டமே ஆகாது.

இந்தக் கடமையை உச்ச நீதிமன்றம் 1951-இல் ஹர்லா வழக்கில் வலியுறுத்தியது. முந்தைய ஜெய்ப்பூர் சமஸ்தானத்தில் 1923-இல் அமைச்சரவை ஒரு தீர்மானத்தின் மூலம் அபினிச் சட்டம் ஒன்றை ஏற்றுக்கொண்டது; அதை எங்கும் வெளியிடவில்லை. பல ஆண்டுகள் கழித்து அதன்கீழ் ஒருவர் தண்டிக்கப்பட்டார். யாரும் பார்க்க முடியாத, கேள்விப்படவும் முடியாத ஒன்றை மீறியதாக ஒருவரைத் தண்டிப்பது இயற்கை நீதிக்கு முரணானது என்று கூறி நீதிமன்றம் அவரை விடுவித்தது.

1964-ஆம் ஆண்டின் இன்னொரு வழக்கை இதோடு சேர்த்துப் படிக்க வேண்டும். 1962 நவம்பர் 27 அன்று ஜூரிச்சிலிருந்து மணிலாவுக்குப் புறப்பட்ட அயல்நாட்டுப் பயணி ஒருவர் உடலில் 34 கிலோ தங்கத்தை மறைத்து வைத்திருந்தார். வழியில் விமானம் பம்பாயில் நின்றது. இந்தியா வழியாகக் கடந்து செல்லும் தங்கத்தையும் விமானச் சரக்குப் பட்டியலில் அறிவிக்க வேண்டும் என்ற ரிசர்வ் வங்கியின் அறிவிக்கை, சில நாள்களுக்கு முன், நவம்பர் 24 அன்றுதான் அரசிதழில் வெளியாகியிருந்தது. பம்பாய் உயர் நீதிமன்றம் அவரை விடுவித்தது. உச்ச நீதிமன்றமோ, அரசிதழில் வெளியானதே போதும், அது அவருக்கு உண்மையில் தெரிந்திருக்க வேண்டியதில்லை என்று பெரும்பான்மைத் தீர்ப்பில் கூறி அவரைக் குற்றவாளி என்றது. நீதிபதி சுப்பா ராவ் மாறுபட்டார். வெளியிடாத சட்டத்துக்கும், வெளியிட்டும் கண்ணில் படாத சட்டத்துக்கும் இடையே எங்கே கோடு விழுகிறது என்பதை இந்த இரண்டு தீர்ப்புகளும் சேர்ந்தே காட்டுகின்றன. என் வரையில், சுப்பா ராவின் மாறுபட்ட கருத்தையும் தேடிப் படிக்காதவர் இந்த வழக்கைப் பாதிதான் படித்திருக்கிறார்.

தப்பு பண்ணியும் தண்டனை இல்லைன்னு சட்டப் புத்தகமே சொல்லுதாமே, உண்மையா?

உண்மை. அந்த அத்தியாயத்தைப் படிக்காமல் தண்டனைச் சட்டத்தின் எந்தப் பிரிவையும் படித்ததாகச் சொல்ல முடியாது. பாரதிய நியாய சன்ஹிதாவின் 14 முதல் 44 வரையிலான பிரிவுகள் பொது விதிவிலக்குகள்; கொலையோ திருட்டோ, எல்லாக் குற்ற விளக்கங்களையும் இவற்றுக்கு உட்படுத்தியே வாசிக்க வேண்டும். ஏழு வயதுக்கு உட்பட்ட குழந்தையின் செயல் குற்றமாகாது. ஏழுக்கும் பன்னிரண்டுக்கும் இடைப்பட்ட வயதில், செயலின் தன்மையை அறியும் முதிர்ச்சி இருந்ததா என்று பார்க்கப்படும். இயல்பான அறிவும் பொறுமையும் உள்ள யாரும் புகார் செய்யாத அளவுக்குச் சிறிய தீங்கு 33-ஆம் பிரிவின்படி குற்றமன்று. உடலையும் உடைமையையும் காத்துக்கொள்ளும் உரிமை 34 முதல் 44 வரை விரிகிறது. தேவைக்கு மேற்பட்ட தீங்கு விளைவிக்கக் கூடாது என்ற எல்லையும் அங்கேயே உண்டு.

இவற்றில் என்னை மிகவும் நிறுத்தி யோசிக்கவைத்தது 19-ஆம் பிரிவின் எடுத்துக்காட்டு. ஒரு கப்பலின் தலைவர், தன் தவறு ஏதுமின்றி, இருபது முப்பது பேர் இருக்கும் ஒரு படகின்மீது மோதும் நிலைக்கு வந்துவிடுகிறார். திசையைத் திருப்பினால் இரண்டு பேர் மட்டும் இருக்கும் இன்னொரு படகின்மீது மோத நேரலாம். தப்பிக்கவும் வாய்ப்பு உண்டு. அந்த இருவருக்கும் தீங்கு செய்யும் எண்ணமின்றி, பெரிய ஆபத்தைத் தவிர்க்கும் நல்லெண்ணத்தோடு அவர் திருப்பினால் அது குற்றமன்று. தத்துவ வகுப்புகளில் ஆண்டுக்கணக்கில் விவாதிக்கும் ஒரு சிக்கலுக்கு, 1860-லிருந்தே நம் தண்டனைச் சட்டத்தில் பதில் இருந்திருக்கிறது.

ஆயுள் தண்டனைன்னா பதினாலு வருஷம்தானே?

இல்லை. ஆயுள் தண்டனை என்பது எஞ்சிய வாழ்நாள் முழுவதற்குமான சிறை. உச்ச நீதிமன்றம் 1961-இல் கோபால் விநாயக் கோட்சேயின் வழக்கிலேயே இதைத் தெளிவுபடுத்திவிட்டது. பதினான்கு என்ற எண், தண்டனைக் குறைப்பைப் பற்றிய வேறொரு பிரிவிலிருந்து வந்தது. மரண தண்டனையும் விதிக்கத்தக்க ஒரு குற்றத்துக்காக ஆயுள் தண்டனை பெற்றவரை, குறைந்தது பதினான்கு ஆண்டுகளாவது சிறையில் கழிக்காமல் விடுதலை செய்யக் கூடாது என்று பழைய நடைமுறைச் சட்டத்தின் 433ஏ பிரிவு கூறியது; இப்போது அது 475. அதாவது பதினான்கு என்பது அரசு விடுதலையைப் பற்றி எண்ணத் தொடங்குவதற்கான கீழ் எல்லை. இருபது ஆண்டுகள் என்று சிலர் சொல்வதும் இதே வகைக் குழப்பம்தான். தண்டனைக் காலத்தின் பின்னங்களைக் கணக்கிடுவதற்கு மட்டும் ஆயுள் தண்டனையை இருபது ஆண்டுகளாகக் கொள்ள வேண்டும் என்று பாரதிய நியாய சன்ஹிதாவின் 6-ஆம் பிரிவு கூறுகிறது. இரண்டு பிரிவுகளையும் தனித்தனியே பிய்த்துப் படித்ததால் இரண்டு வதந்திகள் பிறந்திருக்கின்றன.

புத்தகத்துல அச்சாகி இருந்தா அந்தப் பிரிவு செல்லுபடியாகும்தானே?

அதையும் உறுதியாகக் கொள்ள முடியாது. தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 66ஏ பிரிவு, இணையத்தில் பிறரைப் புண்படுத்தும் செய்திகளை அனுப்புவதைக் குற்றமாக்கியது. 2015 மார்ச் 24 அன்று, ஷ்ரேயா சிங்கால் வழக்கில், உச்ச நீதிமன்றம் அது பேச்சுரிமைக்கு முரணானது என்று முழுவதுமாக நீக்கியது. ஆனால் நீதிமன்றம் செல்லாது என்று அறிவித்த பிரிவு நூலிலிருந்து தானாக மறைந்துவிடுவதில்லை; நாடாளுமன்றம் திருத்தும்வரை வாசகம் அச்சில் தொடரும், தீர்ப்பைப் பற்றிய குறிப்பு அடிக்குறிப்பில் மட்டும் இருக்கும். அந்த அடிக்குறிப்பைப் படிக்காத காவல் நிலையங்கள் பல ஆண்டுகள் அதே பிரிவின்கீழ் வழக்குப் பதிவு செய்துகொண்டிருந்தன. 2022 அக்டோபரில் உச்ச நீதிமன்றம் மீண்டும் தலையிட்டு, அந்தப் பிரிவின்கீழ் யார்மீதும் வழக்கு நடத்தக் கூடாது என்று ஆணையிட வேண்டியிருந்தது. செல்லாத ஒரு சட்டத்தைக் காட்டி ஒருவரைக் கைது செய்வதைவிடத் தெளிவான சட்டமீறல் வேறு இருக்க முடியுமா என்று தெரியவில்லை. அடிக்குறிப்புகளைத் தாண்டிச் செல்லாதீர்கள் என்று நான் வற்புறுத்துவது இதனால்தான்.

கதையில, சினிமாவுல போலீஸ் ஸ்டேஷன்லயே குற்றவாளி ஒத்துக்கிட்டதும் கேஸ் முடிஞ்சுடுது. நிஜத்துலயும் அப்படியா?

அப்படி முடியாது. போலீஸ் அதிகாரியிடம் கொடுத்த ஒப்புதல் வாக்குமூலத்தைக் குற்றம் சாட்டப்பட்டவருக்கு எதிராக மெய்ப்பிக்க முடியாது என்று சாக்ஷிய அதினியத்தின் 23-ஆம் பிரிவு கூறுகிறது. பழைய சாட்சியச் சட்டத்தில் இது 25, 26. ஆனால் காவலில் இருப்பவர் சொன்ன தகவலைக் கொண்டு ஒரு பொருள் கண்டெடுக்கப்பட்டால், அந்தக் கண்டுபிடிப்போடு நேரடியாகத் தொடர்புடைய பகுதியை மட்டும் ஏற்கலாம். இது பழைய 27, இப்போது 23-இன் வரம்புரை. கத்தியைப் புதைத்த இடத்தைக் காட்டுவது சாட்சியமாகலாம். 'நான்தான் குத்தினேன்' என்பது ஆகாது. ஒப்புதல் செல்ல வேண்டுமானால், சொல்லக் கட்டாயமில்லை என்பதையும் சொன்னால் அது எதிராகப் பயன்படலாம் என்பதையும் எச்சரித்த பிறகு, நீதித்துறை நடுவர் பதிவு செய்ய வேண்டும். குற்றக் கதை எழுதுபவர்கள் இந்த ஒரு பிரிவை மட்டும் படித்தாலும் அவர்களுடைய காவல் நிலையக் காட்சிகள் வலுப்படும்.

வெள்ளைக்காரன் வர்றதுக்கு முன்னாடி நம்ம பக்கத்துல எழுதின சட்டமே இல்லையா?

இருந்தது, அது எப்போதும் நூல் வடிவில் இருக்கவில்லை. உத்திரமேரூரில் முதலாம் பராந்தக சோழன் காலத்து, பத்தாம் நூற்றாண்டின் தொடக்கத்தைச் சேர்ந்த கல்வெட்டுகள் கிராம சபையின் வாரியங்களுக்குக் குடவோலை முறையில் ஆளெடுப்பதற்கான விதிகளை அடுக்குகின்றன. 35 வயதுக்கு மேல், 70 வயதுக்குள் இருக்க வேண்டும்; சொந்த மனையில் வீடும் வரி செலுத்தும் நிலமும் இருக்க வேண்டும். வாரியத்தில் இருந்து கணக்குக் காட்டாதவரும் அவருடைய உறவினரும் தகுதியிழப்பர். தகுதியைவிடத் தகுதியிழப்பைப் பற்றி அக்கறையோடு எழுதப்பட்டிருப்பதைப் பார்க்கும்போது, முன்பு நடந்த மீறல்களே அந்த விதிகளை எழுதவைத்தன என்று எண்ணத் தோன்றுகிறது.

ஈழத்தில் யாழ்ப்பாணத் தமிழரின் வழக்காறுகளை ஒல்லாந்தர் 1707-இல் கிளாஸ் ஐசாக்ஸ் என்ற அதிகாரியைக் கொண்டு எழுதித் தொகுத்தார்கள். தமிழாக்கத்தைப் பன்னிரண்டு முதலியார்கள் சரிபார்த்தார்கள். 1806-இல் ஆங்கிலேயர் அதற்குச் சட்ட வலிமை அளித்தார்கள். தேசவழமை என்ற அந்தச் சட்டம் முதுசம் (முன்னோர் வழி வந்தது), சீதனம், தேடியதேட்டம் (மணவாழ்வில் ஈட்டியது) என்று சொத்தை வகைப்படுத்துகிறது. பின்னாளின் திருத்தங்களோடு இன்றும் இலங்கையில் நடைமுறையில் இருக்கிறது.

அநியாயமான சட்டமா இருந்தா மீறலாமா? காந்தியே மீறினாரே?

மீறினார், மீறியதன் விளைவையும் ஏற்றார். 1922 மார்ச் 18 அன்று அகமதாபாத்தில் இந்திய தண்டனைச் சட்டத்தின் 124ஏ பிரிவின்கீழ் அரச நிந்தனை வழக்கு விசாரணைக்கு வந்தபோது, குற்றத்தை ஒப்புக்கொண்டு, இருப்பதிலேயே கடுமையான தண்டனையை விதிக்குமாறு கேட்டார்; ஆறு ஆண்டுச் சிறை கிடைத்தது. 1930 ஏப்ரல் 13 அன்று ராஜாஜி தலைமையில் திருச்சியிலிருந்து புறப்பட்ட தொண்டர்கள் ஏப்ரல் 30 அன்று வேதாரண்யத்தில் உப்பெடுத்ததும் மறைவாக நடக்கவில்லை. அவர்களுக்கு உணவும் இடமும் தருவோர் தண்டிக்கப்படுவர் என்று தஞ்சை மாவட்ட ஆட்சியர் தோர்ன் எச்சரித்திருந்தும் வழியெங்கும் மக்கள் உதவினார்கள். ஒளிந்து மீறுபவர் சட்டத்திலிருந்து தனக்கு மட்டும் விலக்கு தேடுகிறார். வெளிப்படையாக மீறித் தண்டனையை ஏற்பவர் அந்தச் சட்டம் எல்லோருக்குமாக மாற வேண்டும் என்கிறார். இந்த வேறுபாடு தண்டனைச் சட்டத்தின் எந்தப் பிரிவிலும் இல்லை. சட்டத்தின் பார்வையில் இரண்டும் குற்றமே. ஆயினும் வரலாற்றை வாசிப்பவர் இதைக் கைவிடக்கூடாது.

நம் மாநிலத்தில் வேறு வகையான ஓர் எடுத்துக்காட்டு இருக்கிறது. சடங்கும் புரோகிதரும் இல்லாத சுயமரியாதைத் திருமணங்களைப் பல்லாயிரம் குடும்பங்கள் நடத்திவந்தன. 1953-இல் சென்னை உயர் நீதிமன்றம், அப்படி நடந்த ஒரு திருமணம் சட்டப்படி செல்லாது என்று தீர்ப்பளித்தது. யாரும் சிறை செல்லவில்லை. ஆனால் அந்த மனைவியரின் நிலையும் பிள்ளைகளின் வாரிசுரிமையும் கேள்விக்குள்ளாயின. மக்கள் அந்த முறையைக் கைவிடவில்லை. 1967-இல் அண்ணா தலைமையிலான அரசு இந்து திருமணச் சட்டத்தில் 7ஏ என்ற பிரிவைச் சேர்த்தது. உறவினர், நண்பர் அல்லது பிறர் முன்னிலையில் ஒருவரையொருவர் ஏற்றுக்கொள்வதாகக் கூறுவதோ, மாலை மாற்றுவதோ, மோதிரம் அணிவிப்பதோ, தாலி கட்டுவதோ போதும் என்றது அது. முன்பே நடந்த திருமணங்களுக்கும் பொருந்தும் என்றது. இந்து திருமணச் சட்டத்தின் பேர் ஆக்ட் கையில் கிடைத்தால் மாநிலத் திருத்தம் என்று சிறிய எழுத்தில் அச்சாகியிருக்கும் அந்தப் பகுதியைத் தேடிப் படியுங்கள்.

ஒரு புத்தகத்தையே அரசு தடை பண்ண முடியுமா? அதுக்கும் சட்டம் இருக்கா?

இருக்கிறது. குறிப்பிட்ட சில குற்றங்களுக்குரிய விஷயம் ஒரு நூலில் இருப்பதாக மாநில அரசு கருதினால், காரணங்களைக் கூறி, அதன் பிரதிகள் அரசுக்குப் பறிமுதலானவை என்று அறிவிக்கலாம். பழைய நடைமுறைச் சட்டத்தில் 95, இப்போது 98. பாதிக்கப்பட்டவர் இரண்டு மாதங்களுக்குள் உயர் நீதிமன்றத்தை அணுகலாம். மூன்று நீதிபதிகள் கொண்ட சிறப்பு அமர்வு அதை விசாரிக்கும். காரணங்களைக் கூற வேண்டும் என்பதே இதில் வாசகருக்கு இருக்கும் பாதுகாப்பு. பாரதி மறைந்து ஏழு ஆண்டுகள் கழித்து, 1928-இல், இதே வகையான அதிகாரத்தைக் கொண்டுதான் சென்னை மாகாண அரசு அவருடைய பாடல் தொகுதிகளைப் பறிமுதல் செய்தது. சத்தியமூர்த்தி சட்டமன்றத்தில் அதை எதிர்த்துப் போராடினார்.

சட்டத்தின் வழியே வராத தடைகளும் உண்டு. எழுத்தாளர் பெருமாள்முருகன் நாவல் ஒன்றுக்கு எதிர்ப்பு எழுந்தபோது, 2015 ஜனவரியில் அதிகாரிகள் கூட்டிய சமாதானக் கூட்டத்தில் நூலைத் திரும்பப் பெறுவதாக அவரிடம் எழுதி வாங்கப்பட்டது. அப்படி எழுதி வாங்கியது யாரையும் கட்டுப்படுத்தாது என்று 2016 ஜூலையில் சென்னை உயர் நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அதிகாரம் இருக்கும் பிரிவைப் பயன்படுத்தாமல், அதிகாரமே இல்லாத ஒரு கூட்டத்தின் வழியே அதே விளைவை உண்டாக்க முடியாது என்பதால், மூன்றாம் கேள்விக்கான பதிலோடு இதைச் சேர்த்துப் படிக்கலாம்.

இதெல்லாம் படிச்சா என் கேஸை நானே நடத்திக்கலாமா? வக்கீல் வேண்டாமா?

தன் வழக்கில் தானே நேரில் வாதாட ஒருவர் அனுமதி பெறலாம். ஆனால் நான் அதைப் பரிந்துரைப்பதில்லை. ஒரு பிரிவின் பொருளைப் புரிந்துகொள்வது வேறு, அதை எந்த மனுவில், எந்த நீதிமன்றத்தில், எத்தனை நாள்களுக்குள் எழுப்ப வேண்டும் என்று அறிவது வேறு. 1963-ஆம் ஆண்டின் காலவரையறைச் சட்டம் ஒவ்வொரு வகை வழக்குக்கும் மேல்முறையீட்டுக்கும் கெடு விதிக்கிறது. நல்ல நியாயம் கையில் இருந்தும் கெடு தவறியதால் இழந்தவர்களைப் பார்த்திருக்கிறேன். உங்கள் வாசிப்பு வழக்கறிஞரிடம் சரியான கேள்விகளைக் கேட்கவும், அவர் தரும் காகிதத்தில் கையெழுத்திடும் முன் அதைப் படித்துப் புரிந்துகொள்ளவும் பயன்பட வேண்டும்.

பணமில்லை என்பதற்காக வழக்கறிஞரைத் தவிர்க்க வேண்டியதில்லை. 1987-ஆம் ஆண்டின் சட்டப் பணிகள் ஆணையங்கள் சட்டம், 12-ஆம் பிரிவின்படி, பெண்கள், குழந்தைகள், பட்டியல் சாதியினர், பழங்குடியினர், மாற்றுத்திறனாளிகள், காவலில் இருப்போர் ஆகியோர் வருமானம் எவ்வளவு என்று பாராமல் இலவசச் சட்ட உதவி பெறலாம். மற்றவர்களுக்கு வருமான வரம்பு உண்டு. மாவட்ட நீதிமன்ற வளாகத்திலேயே மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவின் அலுவலகம் இருக்கும். தேசிய ஆணையத்தின் உதவி எண் 15100. நோட்டீஸ் வந்திருந்தால், அது உங்கள் கைக்குக் கிடைத்த தேதியை அதன்மேலேயே குறித்துக்கொண்டு, உறையையும் எறியாமல் எடுத்துச் செல்லுங்கள். கெடுவைக் கணக்கிடுவதற்கு அவர்கள் முதலில் கேட்பது அந்தத் தேதியைத்தான்.